நள்ளிரவில் பாடியவர்: பாரிஸின் இடது கரைக் கபரே, ஓர் எளிய அறிமுகம்

1951இல் பாரிஸ் நகரத்தில், சேன் நதியின் தென்கரைச் சாலையில் 15ஆம் எண் கட்டடத்தில், நான்கு பேர் சேர்ந்து ஒரு பாட்டுக்கூடம் தொடங்கினார்கள். லெயோ நொயெல், பிரிஜித் சபுரோ, மார்க் ஷெவாலியே, ஆந்த்ரே ஷ்லெஸ்ஸெர். நால்வருமே மேடையில் பாடிப் பிழைத்தவர்கள். பணம் போட்டு லாபம் பார்க்க வந்த முதலாளிகள் இல்லை. அதற்கு முன் அந்த இடம் சரக்குப் படகுக்காரர்கள் வந்து ஒரு கோப்பை குடித்துவிட்டுப் போகும் மதுக்கடையாக இருந்தது. நீளமான, ஒடுங்கிய அறை. கடைசியில் ஒரு துளி மேடை, ஒரு பியானோ. நூறு பேர்கூட உட்கார முடியாது. பெயர் லெக்லூஸ். கால்வாயில் படகுகளை ஏற்றி இறக்கும் மதகுக்குப் பிரெஞ்சில் அதுதான் பெயர்.

இப்படிப்பட்ட இடங்களைத்தான் பாரிஸ்காரர்கள் இடது கரைக் கபரே என்றார்கள். கபரே என்றதும் நமக்கு இறகுத் தொப்பியும் வரிசையாக உயரும் கால்களும் நினைவுக்கு வந்தால் அதில் தப்பில்லை. பழைய தமிழ்ப் படங்களின் கிளப் டான்ஸ் அந்தச் சாயலில் எடுக்கப்பட்டதுதான். 1889இல் தொடங்கிய மூலேன் ரூழ், 1946இல் ஷான்செலிசே சாலையில் திறந்த லிடோ ஆகியவை அந்த வகை: பெரிய மேடை, வாத்தியக் குழு, ஷாம்பெயின், சுற்றுலாப் பயணிகள். அவை இருந்தது நதிக்கு வடக்கே, வலது கரையில். சேன் நகரத்துக்குள் ஏறத்தாழ மேற்கு நோக்கி ஓடுகிறது. அது போகும் திசையைப் பார்த்து நின்றால் தெற்குப்புறம் நம் இடது கைப்பக்கம் வரும். பல்கலைக்கழகம், பதிப்பகங்கள், பழைய புத்தகக் கடைகள் எல்லாம் அந்தப் பக்கம். அங்கே முளைத்த கபரேக்களில் ஆட்டம் கிடையாது, அலங்காரம் கிடையாது. ஒருவர் வந்து நிற்பார், பாட்டின் சொற்கள் கேட்கும்படி பாடுவார், போய்விடுவார்.

கரையைப் பிடித்துக்கொண்டு ரொம்பக் கறாராக இருக்கவும் வேண்டியதில்லை. ழாக் கனெத்தி 1947இல் தொடங்கிய த்ருவா போதே அரங்கம் வலது கரையில், மொன்மார்த்ர் பக்கம் இருந்தது. தானே பாட்டெழுதிப் பாடிய ழோர்ழ் பிராசென்ஸை 1952இல் மேடையேற்றிய பாடகி பதாஷூவின் கபரேவும் அங்கேதான். ஆனாலும் பாணி ஒன்றுதான். (கனெத்தி, நோபல் பரிசு பெற்ற எழுத்தாளர் எலியாஸ் கனெத்தியின் தம்பி. பிலிப்ஸ் இசைத்தட்டு நிறுவனத்திலும் அவர் கை ஓங்கியிருந்தது. தன் அரங்கில் பாடவைத்து ஆழம் பார்த்துவிட்டு, பிடித்தவர்களை இசைத்தட்டுக்கு அழைத்துப் போவது அவர் வழக்கம்.)

இரண்டாம் உலகப் போர் முடிந்தபின் ஏன் இவை இத்தனை வேகமாகப் பெருகின என்பதற்கு இலக்கியக் காரணம் தேடுவதற்கு முன் காசுக் காரணத்தைப் பார்க்கலாம். 1944 ஆகஸ்டில் பாரிஸ் ஜெர்மானியரிடமிருந்து விடுதலையானது. நான்கு ஆண்டு ஊரடங்கில் அடைந்துகிடந்த இளைஞர்களுக்கு இரவில் வெளியே போக ஓர் இடம் வேண்டியிருந்தது. கையில் பணம் இல்லை. ரேஷன் 1949 வரை நீடித்தது. வாத்தியக் குழு வைத்து அரங்கம் நடத்த யாருக்கும் வசதியில்லை. ஆனால் செயின் ழெர்மென் தெ ப்ரே பகுதியின் பழைய வீடுகளுக்குக் கீழே கல் வளைவு போட்ட நிலவறைகள் இருந்தன. ஒரு பியானோவை இறக்கிவிட்டால் கடை தயார். இலக்கியக் காரணமும் உண்டு. ழாக் ப்ரெவேரின் 'பரோல்' கவிதைத் தொகுப்பு 1946இல் வந்து, கவிதை படிக்காதவர்கள் கையிலும் போய்ச் சேர்ந்தது. ஹங்கேரியிலிருந்து வந்த இசையமைப்பாளர் ழோசெஃப் கோஸ்மா அவர் கவிதைகளுக்கு மெட்டுப் போட்டார். கவிதையையே பாட்டாகப் பாடலாம், அதற்கு உரத்த குரல் வேண்டாம், நல்ல உச்சரிப்பு போதும் என்ற எண்ணம் பரவியது.

இந்தக் காலத்துக்கு உலகம் கொடுத்திருக்கும் முகம் ழூலியெத் கிரெக்கோவுடையது. அவர் வாழ்க்கையும் போரிலிருந்துதான் தொடங்குகிறது. தாயும் அக்காவும் ரேவன்ஸ்ப்ரூக் வதைமுகாமுக்கு அனுப்பப்பட்டார்கள். வயது குறைவு என்பதால் பாரிஸ் அருகே ஃப்ரேன் சிறையோடு இவர் விடப்பட்டார். 1947இல் தோஃபின் தெருவில் 'தபு' என்ற நிலவறை திறந்தபோது கிரெக்கோ அங்கே வருபவர்களில் ஒருவர், அவ்வளவுதான். கறுப்பு உடை, நீண்ட தலைமுடி. பத்திரிகைக்காரர்கள் படம் எடுத்துத் தள்ளி, அப்போது பேசப்பட்ட எக்சிஸ்டென்ஷியலிசம் என்ற தத்துவத்தின் முகம் என்று எழுதினார்கள். அவர் முதன்முதலாக மேடையில் பாடியது 1949இல்தான். முதலில் புகழ், அப்புறம் பாட்டு. அந்தத் தத்துவத்தின் எழுத்தாளர் சார்த்தரும், எழுத்தாளர் ரேமோன் கெனோவும் பாடல் வரிகள் கொடுத்தார்கள். அருமையான பாடகிதான், சந்தேகமில்லை. ஆனால் கபரே என்ற தொழில் எப்படி நடந்தது என்று புரிந்துகொள்ள அவர் நல்ல உதாரணம் இல்லை. அவருக்குக் கிடைத்த மாதிரி யாருக்கும் கிடைக்கவில்லை.

அதற்கு நான் சிபாரிசு செய்வது பார்பராவை. லெக்லூஸில் ஆண்டுக்கணக்காகப் பாடி, முப்பது வயதுக்கு மேல் தான் எழுதிய பாட்டுகளை முன்வைக்கத் துணிந்து, அதன்பின் பிரான்ஸ் முழுக்க அறியப்பட்டவர்.

தொழில் எப்படி நடந்தது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஓர் இரவில் ஐந்தாறு பேர் அடுத்தடுத்து மேடையேறுவார்கள். பாடகர், நகைச்சுவை பேசுபவர், மௌன நாடகக்காரர், கவிதை வாசிப்பவர். லெக்லூஸில் மௌன நாடகக் கலைஞர் மார்செல் மார்சோ வந்திருக்கிறார். பின்னாளில் பெரிய திரைநடிகரான பிலிப் நுவாரே, தன் கூட்டாளி ழான் பியெர் தராஸோடு அங்கே பதினான்காம் லூயி மன்னரைக் கேலி செய்து நடித்திருக்கிறார். ஆளுக்குக் கால்மணி, இருபது நிமிடம். பாடகர் என்றால் நாலைந்து பாட்டு. அதற்குக் கொடுக்கும் கூலிக்கு கஷே என்று பெயர். ஒரு கஷேயில் வாடகை கட்ட முடியாது. ஆகவே ஒரே இரவில் ஒரு கபரேயில் பாடிவிட்டு, கிட்டாரைத் தூக்கிக்கொண்டு அடுத்த கபரேவுக்கு ஓடுவார்கள். பின்னாளில் பெரிய பாடகரான ழாக் பிரெல் பெல்ஜியத்திலிருந்து வந்த புதிதில் இப்படித்தான் ஓடிக்கொண்டிருந்தார்.

இடம் சின்னது என்பது வெறும் வசதிக்குறைவு இல்லை. முன்வரிசைக்காரரின் மூக்குக்கும் பாடுபவரின் செருப்புக்கும் இடையே ஒரு கை தூரம். குரலை உயர்த்தத் தேவையில்லாததால் மெதுவாக, பேச்சுக்குப் பக்கத்தில் வைத்துப் பாடலாம். கை அசைவு ஒன்று கூடினால்கூடப் பொய்யாகத் தெரியும். கவனிக்காமல் பேசிக்கொண்டிருக்கும் ஒரு மேசையின் சத்தம் பாட்டையே கவிழ்த்துவிடும். பெரிய அரங்கில் இருபது வருடம் பாடினாலும் இந்தப் பாடம் கிடைக்காது என்று எனக்குத் தோன்றுகிறது.

கபரேவுக்கு மேலே இருந்தது மியூசிக் ஹால். மோன்பர்னாஸ் பக்கத்தில் பொபினோ, ஆயிரம் பேர் அளவுக்கு உட்காரும் அரங்கம். அதைவிடப் பெரியது ஒலிம்பியா. புருனோ கொகாத்ரிக்ஸ் அதை 1954இல் மியூசிக் ஹாலாக மறுபடி திறந்தார். மார்கழி சீசனில் மத்தியானக் கச்சேரியிலிருந்து மாலைக் கச்சேரிக்கு ஏறுவதைப்போல அங்கேயும் படிகள் இருந்தன. திரை தூக்கியதும் பாடும் புதுமுகம். இடைவேளைக்குச் சற்று முன்னால் வருபவர், இவருக்கு 'அமெரிக்க நட்சத்திரம்' என்று பட்டம். இடைவேளைக்குப் பின் முழு நேரமும் பாடும் நட்சத்திரம். சுவரொட்டியில் பெயரின் எழுத்தளவு படிக்கேற்ப மாறும். கபரேயில் பாடும் எவருக்கும் கண் அந்தச் சுவரொட்டிமேல் இருந்தது.

பார்பராவின் இயற்பெயர் மோனிக் செர்ஃப். 1930 ஜூன் 9 அன்று பாரிஸில் பிறந்தார். யூதக் குடும்பம். ஜெர்மானியர் பிரான்சைப் பிடித்த காலத்தில் ஊர் ஊராக மாறி ஒளிந்து, கடைசியில் கிரெனோபிள் அருகே செயின் மார்செலென் என்ற சிற்றூரில் போர் முடியும்வரை இருந்தார்கள். பியானோக் கலைஞராக வேண்டும் என்பது சிறுமியின் ஆசை. வலது கையில் நடந்த அறுவைச் சிகிச்சை அந்த ஆசைக்கு முற்றுப்புள்ளி வைத்தது. போருக்குப்பின் செவ்வியல் குரலிசை படித்தார், மொகதோர் அரங்கில் ஓப்பரெட்டா என்ற இசைநாடகம் ஒன்றில் கோரஸ் பாடினார். புகழ்பெற்ற பாடகி எதித் பியாஃப் பாடக் கேட்டபின் செவ்வியல் பக்கமிருந்து மனம் திரும்பிவிட்டது. 1949இல் தகப்பனார் குடும்பத்தை விட்டுப் போனார். வீட்டிலிருந்த வாடகைப் பியானோவையும் திருப்பிக் கொடுக்க வேண்டியதாயிற்று.

1950இல் கையில் ஒன்றுமில்லாமல் பிரஸ்ஸல்ஸுக்குப் போனார். தாய்வழிக் குடும்பத்துப் பெயரொன்றை எடுத்து பார்பரா என்று வைத்துக்கொண்டது அந்தக் காலத்தில்தான். சில இரவுகள் பாட்டு, பல இரவுகள் பட்டினி. பாரிஸுக்குத் திரும்பி வந்து ஃபோந்தேன் தெ கத்ர் செசோன் என்ற கபரேயில் வாய்ப்புக் கேட்டார். பாட வாய்ப்பில்லை, பாத்திரம் கழுவ ஆள் வேண்டும் என்றார்கள். கழுவினார். வாழ்க்கை வரலாறு எழுதுகிறவர்கள் இந்த இடத்தில் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். எனக்கு அதில் முக்கியமாகப் படுவது வேறு: பாத்திரம் கழுவும் இடத்திலிருந்து இரவுதோறும் மற்றவர்கள் பாடுவதைக் கேட்டுக்கொண்டே இருந்தார். எந்தப் பாட்டுக்கு மேசைகள் அமைதியாகின்றன, எதற்கு ஆகவில்லை என்று அங்கிருந்தே தெரிந்துகொள்ளலாம்.

மறுபடி பிரஸ்ஸல்ஸ், அங்கே ஒரு திருமணம், பிரிவு. பிரெலைத் தெரிந்துகொண்டதும் அந்த ஊரில்தான். 1950களின் நடுவில் லெக்லூஸ் மேடையில் காலடி வைத்தார். 1958 முதல் அங்கே நிரந்தரம். நிகழ்ச்சியின் கடைசி ஆள் அவர். அவர் முறை வரும்போது மணி பன்னிரண்டு ஆகியிருக்கும். அதனால் 'நள்ளிரவுப் பாடகி' என்று பெயர் விழுந்தது. கறுப்பு உடை, ஒட்ட வெட்டிய முடி, பியானோவில் தானே உட்கார்ந்து வாசித்தபடி பாட்டு. அப்போது அவர் பாடியது பெரும்பாலும் மற்றவர்கள் எழுதியது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் எழுதிய குறும்புப் பாடல்கள், பிராசென்ஸ், பிரெல். 1959இல் 'லெக்லூஸில் பார்பரா' என்ற இசைத்தட்டு வந்தது. அடுத்த வருடம் பிராசென்ஸ் பாடல்கள் ஒரு தட்டு, 1961இல் பிரெல் பாடல்கள் ஒரு தட்டு. அடுத்தவர் பாட்டை நன்றாகப் பாடுகிறவர் என்ற பெயர் நிலைத்தது. 1961இல் பொபினோவில் பாடக் கிடைத்த வாய்ப்பை விமர்சகர்கள் பெரிதாக மதிக்கவில்லை. திரும்பி நள்ளிரவுக்கே வந்தார்.

அந்தக் காலத்தில் ஆண்கள் பாட்டு எழுதிப் பாடினார்கள். பெண்கள் எழுதிக் கொடுத்ததைப் பாடினார்கள். பியாஃப் சில பாட்டுகளுக்கு வரிகள் எழுதியதுண்டு, எழுதிப் பாடிய வேறு சிலரும் உண்டு. ஆனாலும் பொதுவழக்கம் அதுதான். பார்பராவுக்குத் தன் பாட்டைக் கொண்டுவரத் தயக்கம் நீண்ட நாள் இருந்தது. அதற்கு லெக்லூஸ் வசதியாக இருந்தது: ஒவ்வொரு இரவும் ஐம்பது அறுபது பேர் முன்னால், சில பாட்டுகளுக்கு நடுவே தன்னுடையதில் ஒன்றை வைத்துப் பார்க்கலாம். எடுபடவில்லை என்றால் நாளைக்கு விட்டுவிடலாம். தோற்றால் ஊருக்குத் தெரியாது. ஒலிம்பியா இந்தச் சலுகையைத் தராது. 'தி, கான் ரெவியந்த்ரா து', அதாவது 'சொல், எப்போது திரும்பி வருவாய்', 1962இல் இசைத்தட்டாக வந்தபோது அது பார்பராவின் சொந்தச் சொல், சொந்த மெட்டு.

'நாந்த்' என்ற பாட்டின் கதை இன்னும் நீளம். 1959 டிசம்பரில் ஒரு தொலைபேசி: பத்து வருடம் காணாமல் போயிருந்த தகப்பனார் நாந்த் நகர மருத்துவமனையில் சாகக் கிடக்கிறார். ரயில் பிடித்துப் போவதற்குள் முடிந்துவிட்டது. அடக்கத்துக்கு மறுநாள் எழுதத் தொடங்கிய பாட்டை முடிக்க ஏறத்தாழ நான்கு வருடமாயிற்று. 1963 நவம்பர் 5 அன்று கபுசின் அரங்கில் பாடுவதற்குச் சில மணி நேரம் முன்புதான் கடைசி வரிகள் அமைந்தன. மழை பெய்யும் ஊர், தாமதமாக வந்த மகள், விடைபெறாமல் போன ஒருவர். பாட்டில் இவ்வளவுதான் இருக்கும். அந்தத் தகப்பன் சிறுவயதில் தன்மேல் பாலியல் வன்முறை செய்தவர் என்பதைப் பார்பரா தன் நினைவுக் குறிப்புகளில் எழுதினார். அவை அவர் இறந்தபின், 1998இல் வெளிவந்தன. அது தெரிந்தபின் 'நாந்த்' கேட்பது வேறு அனுபவம். பாட்டில் வரும் தெருப்பெயர் அவர் கற்பனை. நாந்த் நகராட்சி 1986இல் ஒரு தெருவுக்கு அதே பெயரை வைத்து, பார்பராவையே திறப்புக்கு அழைத்தது.

கபுசின் அரங்கில் கேட்ட பிலிப்ஸ் நிறுவனத்து ஆள் ஒருவர் மூலமாகத்தான் 'பார்பரா பாடுகிறார் பார்பராவை' என்ற தட்டு 1964இல் வந்தது. தலைப்பைக் கவனியுங்கள். பிராசென்ஸ், பிரெல் வரிசையில் அடுத்த பெயர் அவருடையதே.

அதே ஆண்டு ஜூலையில் ஜெர்மனியின் கோட்டிங்கன் நகரத்துக்குப் போனார். லெக்லூஸில் இவரைக் கேட்டிருந்த ஹன்ஸ் குந்தர் கிளைன் என்ற இளம் நாடக இயக்குநர் தன் ஊருக்குப் பாட அழைத்தார். ஒளிந்து வாழ்ந்த யூதச் சிறுமிக்கு ஜெர்மனிப் பயணம் பிடிக்கவில்லை. படுக்கைவாட்டப் பெரிய கறுப்புப் பியானோ வேண்டும் என்று நிபந்தனை போட்டு அரைமனதாகச் சம்மதித்தார். போய்ப் பார்த்தால் மேடையில் நிற்பது சுவரோரம் வைக்கும் உயரப் பியானோ. அதன் பின்னால் உட்கார்ந்தால் ஆள் தெரியாது. பியானோ தூக்கும் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம். பாட மாட்டேன் என்றார். ஊரில் ஒரு மூதாட்டி தன் வீட்டுப் பெரிய பியானோவைத் தர முன்வந்தார்; மாணவர்கள் பத்துப் பேர் தெருவழியாகத் தூக்கி வந்தார்கள். இரண்டு மணி நேரம் தாமதமாகத் தொடங்கிய நிகழ்ச்சியில் அரங்கம் எழுந்து நின்றது. ஒரு வாரம் கூடுதலாகத் தங்கினார். கிளம்பும் முன், அரங்கத்தின் தோட்டத்தில் உட்கார்ந்து 'கோட்டிங்கன்' பாட்டை எழுதி, அரைகுறையாக இருந்ததையே அன்றிரவு பாதி பேசியும் பாதி பாடியும் முடித்தார். குழந்தைகள் பாரிஸிலும் கோட்டிங்கனிலும் ஒன்றுதான் என்பது அதன் சாரம். பிரான்சும் ஜெர்மனியும் எலிசே ஒப்பந்தம் என்ற நட்பு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டு ஒன்றரை வருடம்தான் ஆகியிருந்தது. அந்த ஒப்பந்தத்தின் நாற்பதாம் ஆண்டு விழாவில், 2003இல், ஜெர்மன் சான்சலர் கெர்ஹார்ட் ஷ்ரோடர் இந்தப் பாட்டைத் தன் உரையில் எடுத்துச் சொன்னார்.

மிச்சத்தை வேகமாகச் சொல்லலாம். 1964 அக்டோபரில் பொபினோவில் பிராசென்ஸுக்கு முன்னால் இடைவேளைக்கு முந்திய இடம். 1965 செப்டம்பரில் அதே அரங்கில் நட்சத்திர இடம். 'என் மிக அழகான காதல் கதை' என்ற பாட்டு அந்த பொபினோ ரசிகர்களுக்கு எழுதியது. லெக்லூஸில் உடன் வாசித்த பியானோக் கலைஞர் லிலியான் பெனெல்லி அந்த வருடமே கார் விபத்தில் இறந்தார். அவருக்காக எழுதியது 'ஒரு சின்னக் கன்டாட்டா'. 1969இல் ஒலிம்பியா. 1970இல் 'கறுப்புக் கழுகு', அதுவரை பார்பராவைக் கேட்காதவர்களும் கேட்ட பாட்டு. 1981இல் பான்தேனில் பெரும் கூடாரத்தில் வாரக்கணக்கில் நிகழ்ச்சி. 1997 நவம்பர் 24 அன்று மறைந்தார்.

பார்பரா மேலே ஏறிய அதே வருடங்களில் கபரேக்கள் சரியத் தொடங்கின. 1959இல் வானொலியில் இளைஞர்களுக்கான 'சல்யூ லே கொபேன்' நிகழ்ச்சி வந்தது. ஜானி ஹாலிடே போன்றவர்களின் ராக் அலை வந்தது. அவர்களுக்கு நிலவறை தேவைப்படவில்லை, கிட்டாருக்கு மின்சாரம் தேவைப்பட்டது. தொலைக்காட்சி மக்களை இரவில் வீட்டில் உட்காரவைத்தது. செயின் ழெர்மெனில் வாடகை ஏறியது, நிலவறைகள் டிஸ்கோத்தேக்குகளாயின. லெக்லூஸ் 1970களின் நடுவில் மூடியது. பிறகு அதே இடத்தில், அதே பெயரில் ஒரு ஒயின் கடை வந்தது.

கேட்டுப் பார்க்க விரும்பினால் 'கறுப்புக் கழுகி'ல் தொடங்காதீர்கள். அது வாத்தியங்கள் திரண்ட பாட்டு, கபரே அதில் இல்லை. 1959இன் லெக்லூஸ் தட்டை முதலில் கேளுங்கள். பிரெஞ்சு தெரியாவிட்டாலும் குறும்புப் பாட்டுகளில் அவர் குரல் ஒரு சொல்லுக்கு முன் எப்படித் தயங்கி நிற்கிறது என்பது காதில் விழும். அடுத்து 1964இன் தட்டில் 'நாந்த்'. அப்புறம் 'கோட்டிங்கன்', முடிந்தால் 1967இல் ஜெர்மன் மொழியில் அவரே பாடியது.